சீல் வைத்த சங்கத்துக்குள் செண்பகம்

மருதங்காவல் பால் உற்பத்தியாளர் கூட்டுறவுச் சங்கத்துக்குச் சீல் வைத்தபோது உள்ளே ஒரு எருமை இருந்தது. இதைச் சங்கமும் மறுக்கவில்லை, கூட்டுறவுத் துறையும் மறுக்கவில்லை, நீதிமன்றமும் மறுக்கவில்லை. எருமை இருப்பதில் யாருக்கும் கருத்து வேறுபாடு கிடையாது. அதை வெளியே விடுவது யாருடைய வேலை என்பதில்தான் கொஞ்சம் தெளிவு தேவைப்பட்டது.

எருமையின் பெயர் செண்பகம். அதன் சொந்தக்காரர் பிச்சைக்கண்ணு, தாமிரபரணிக் கரையில் வாழைத்தோட்டங்களில் வேலை பார்க்கிறவர். அவருக்கும் மனைவி ஆவுடைத்தாய்க்கும் சொத்து என்று இருந்தது செண்பகம் மட்டும்தான். அது அப்போது நிறைசினை.

அன்று சங்கத்தில் கால்நடை மருத்துவ முகாம். நல்ல வெயில் என்பதால், பால் ஊற்றுகிற பின் கூடத்தில் செண்பகத்தைக் கட்டிவிட்டு, பிச்சைக்கண்ணு கொஞ்சம் பச்சைப்புல் அறுத்து வரப் போயிருந்தார். அந்த நேரத்தில் முன் அறையில் ஒரு பிரச்சினை எழுந்தது. வந்திருந்த டாக்டருக்குப் பொன்னாடையைத் தலைவர் மாரிராஜ் போர்த்துவதா, முன்னாள் தலைவர் ஜெபஸ்டின் போர்த்துவதா என்பதே அது. மாரிராஜ் ஜெயித்த சங்கத் தேர்தல் செல்லாது என்று ஜெபஸ்டின் ஏற்கெனவே மனுப் போட்டிருந்ததால், பொன்னாடையின் ஒரு முனையை அவர் விடவில்லை. மறு முனையை மாரிராஜ் விடவில்லை. நடுவில் நின்ற டாக்டர் குனிந்து தப்பித்தார். பொன்னாடை இரண்டாகக் கிழிந்தது. இரண்டு பேரும் ஆளுக்கொரு பாதியைத் தங்கள் தோளிலேயே போட்டுக்கொண்டு, ஒருவரையொருவர் தள்ளத் தொடங்கினார்கள்.

சிறப்பு விருந்தினராக வந்திருந்த கூட்டுறவுத் துறைத் துணைப் பதிவாளர் பாக்கியசீலன் எழுந்தார். சங்க நிர்வாகம் நிலைகுலைந்துவிட்டதாக அங்கேயே அறிவித்தார். அரக்கும் முத்திரையும் எப்போதும் அவர் ஜீப்பில் இருக்கும். சிலர் குடையை மறந்தாலும் மறப்பார்கள், அவர் அரக்கை மறந்ததில்லை. எல்லோரையும் வெளியே அனுப்பி, வாசல் கதவைப் பூட்டி, பூட்டுக்கு மேல் துணி சுற்றி, அரக்கை உருக்கி ஊற்றி முத்திரை குத்தினார். ‘உள்ளே இருந்த நபர்கள் அனைவரும் வெளியேற்றப்பட்டனர்’ என்று ஆணையில் எழுதிக் கையெழுத்திட்டார். அதில் பிழை ஒன்றும் இல்லை. செண்பகம் நபர் அல்ல.

புல்கட்டோடு திரும்பி வந்த பிச்சைக்கண்ணு, ஜீப் போன புழுதியைப் பார்த்தார். பிறகு சீலைப் பார்த்தார். பிறகு பக்கவாட்டு ஜன்னல் வழியாகச் செண்பகத்தைப் பார்த்தார். அது அசைபோட்டபடி அவரைப் பார்த்தது.

அன்றிலிருந்து அந்த ஜன்னல் கம்பி வழியாகத்தான் எல்லாம். வைக்கோலையும் புல்லையும் ஆவுடைத்தாய் கம்பிக்குள் திணிப்பாள். பால் கேன்களைக் குளிர வைக்கிற சிமெண்டுத் தொட்டி கூடத்துக்குள்ளேயே இருந்ததால், ரப்பர் குழாயை விட்டுத் தண்ணீர் நிரப்ப முடிந்தது. சாணிக்கு மட்டும் வழி பிறக்கவில்லை. ஊர்க்காரர்கள் பாலைச் சங்கத்து வாசல் வேப்பமரத்தடியில் வைத்து வேனில் ஏற்றினார்கள். மூக்கைப் பொத்திக்கொண்டு ஏற்றினார்கள்.

பிச்சைக்கண்ணு சட்டையைத் தேய்த்துப் போட்டுக்கொண்டு துணைப் பதிவாளரைப் பார்க்கப் போனார். பாக்கியசீலன் அவரை உட்காரச் சொன்னார். தண்ணீர் கொடுக்கச் சொன்னார். மிகவும் பண்பானவர். முதலில் தன்னைப் பற்றிக் கொஞ்சம் சொன்னார்: அவர் பணியில் சேர்ந்ததிலிருந்து அவருடைய எந்த ஆணையையும் எந்த மேல் அதிகாரியும் ரத்து செய்ததில்லையாம். எப்படி என்று பிச்சைக்கண்ணு மரியாதைக்குக் கேட்டார். கூடியவரை ஆணையே போடுவதில்லை என்று பாக்கியசீலன் அடக்கமாகச் சொன்னார். சீல் வைப்பது மட்டும் விதிவிலக்கு. அது மனசுக்குப் பிடித்துச் செய்வது.

பிறகு விஷயத்துக்கு வந்தார்.

“உங்க கஷ்டம் எனக்குப் புரியாம இல்ல, பிச்சைக்கண்ணு. ஆனா கூட்டுறவுச் சட்டத்துல தொண்ணூறாவது பிரிவு என்ன கேக்கு? தகராறு சங்கத்தோட அலுவலைத் தொடணும்னு கேக்கு. அது தொட்டாத்தான் நான் தொட முடியும். உங்க எருமை சங்கத்து அலுவலைத் தொடுதா?”

பிச்சைக்கண்ணு யோசித்தார். “சங்கத்துச் சுவரைத் தொட்டுக்கிட்டுத்தான் சார் நிக்கி.”

“சுவர் அலுவல் ஆவாது. சங்கத்தோட அலுவல் பால். இப்ப பால் குடுக்குதா?”

“நிறைசினை சார். வத்திப்போச்சு. கன்னு போட்டாத்தான் கறக்கும்.”

பாக்கியசீலன் முகம் தெளிந்தது. “அப்ப பால் இல்ல. பால் இல்லன்னா அலுவல் இல்ல. அலுவல் இல்லன்னா தகராறு இல்ல. தகராறு இல்லன்னா இங்க நான் இல்ல.”

தான் அங்கே இல்லை என்பதை நிரூபித்துவிட்ட திருப்தியோடு அவர் மணியடித்து அடுத்த ஆளைக் கூப்பிட்டார். போகும்போது, இது சிவில் கோர்ட்டு பார்க்க வேண்டிய சங்கதி என்று வழியும் சொல்லி அனுப்பினார்.

பிச்சைக்கண்ணு டவுண் பஸ் ஏறித் தெற்கு ரத வீதிப் பக்கம் ஒரு சந்தில் இருந்த வக்கீல் முத்துசுப்பிரமணியனைப் பிடித்தார். கூட்டுறவு வழக்குகளில் அவர் பெரிய பேர் என்று சொல்லியிருந்தார்கள். வக்கீல் கதையைக் கேட்கக் கேட்க நாற்காலியின் நுனிக்கு வந்துவிட்டார். சங்கம் இருக்கிறது, உறுப்பினர் இருக்கிறார், சீல் இருக்கிறது, ஆனால் அலுவல் இல்லை. இப்படி ஒரு வழக்குக்காகத்தான் இத்தனை காலம் கறுப்புக் கோட்டைத் துவைத்துத் துவைத்துப் போட்டதாகச் சொன்னார்.

“வக்கீலய்யா, அவளுக்குக் கன்னு போடுற நேரம் நெருங்குது,” என்றார் பிச்சைக்கண்ணு.

“எருமையை விடும் வே. அதிகார வரம்புக் கேள்வி எவ்வளவு அழகா நிக்குது பாரும்.”

எருமையை விடச் சொல்லித்தான் தானும் ஊர் ஊராக அலைவதாகப் பிச்சைக்கண்ணு சொல்ல நினைத்தார். அதற்குள் வக்கீல் மனுவை எழுதத் தொடங்கிவிட்டார்.

தாலுகா கோர்ட்டில் வழக்கு எடுக்கப்பட்டது. முன்சீப் இளம் வயதுக்காரர். மனுவை முழுக்கப் படித்தார், இரண்டு இடத்தில் அவருக்குக் கண்கூடக் கலங்கியது. கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு, கூட்டுறவுச் சங்க விவகாரங்களில் சிவில் நீதிமன்றம் தலையிடுவதை நூற்று ஐம்பத்தாறாவது பிரிவு தடுக்கிறது என்று ஆரம்பித்தார்.

“இந்த நீதிமன்றத்துக்கு இரக்கம் இருக்கிறது, அதிகாரம்தான் இல்லை,” என்றார். “அதிகாரம் இல்லாத இடத்தில் இரக்கத்தை எழுத்தில் காட்டினால் அது அத்துமீறல். ஆகவே அந்த எருமைக்காக நான் வருந்துவதை யாரும் குறித்துக்கொள்ள வேண்டாம்.”

குமாஸ்தா எழுதியதை அடித்தார்.

மனுதாரர் சங்க உறுப்பினர் என்பதால் பதிவாளரிடம்தான் போக வேண்டும் என்று மனு தள்ளுபடியானது. வெளியே வந்த பிச்சைக்கண்ணு படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டார். தாலுகா கோர்ட்டு பதிவாளரிடம் போகச் சொல்கிறது, பதிவாளர் கோர்ட்டுக்குப் போகச் சொல்கிறார், ஜன்னலுக்குப் போனால் செண்பகம் மட்டும்தான் எங்கேயும் போகச் சொல்லாமல் பேசாமல் நிற்கிறது. அன்று அவருக்கு முதல் தடவையாக அழுகை வந்தது. வக்கீலுக்கோ முகத்தில் ஒரே பிரகாசம். கோர்ட்டே வழி காட்டிவிட்டது என்றார். உறுப்பினர் என்பதால்தானே தடை? உறுப்பினர் பதவியை ராஜினாமா செய்துவிட்டால், பிச்சைக்கண்ணு சங்கத்துக்கு யாரோ. யாரோ ஒருவருடைய எருமையைச் சங்கம் அடைத்து வைத்தால் அது சுத்தமான சிவில் வழக்கு.

ராஜினாமாக் கடிதத்தைச் சங்க அலுவலகத்தில் நேரில் கொடுக்க வேண்டும் என்பது விதி. சங்க அலுவலகத்துக்குச் சீல் வைத்திருந்தது. வக்கீல் சளைக்கவில்லை. ஊரில் நாலு பேர் சாட்சியாக நிற்க, ஜன்னல் கம்பி வழியாகக் கடிதத்தை உள்ளே நீட்டும்படி சொல்லிவிட்டார்.

பிச்சைக்கண்ணு நீட்டினார். இத்தனை காலம் அந்தக் கம்பி வழியாக உள்ளே வந்ததெல்லாம் தின்பண்டம்தான் என்பதால் செண்பகம் தயங்கவில்லை. கடிதத்தை நாக்கால் வளைத்து வாங்கி, மெதுவாக மென்று விழுங்கியது. பிறகு அடுத்தது வருமா என்று பார்த்தது.

சாட்சிகள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். ஆவுடைத்தாய் தலையில் அடித்துக்கொண்டு புல் எடுக்கப் போனாள்.

ராஜினாமா பெறப்பட்டதா, இல்லையா என்று பாக்கியசீலன் தம் அலுவலகத்தில் தனி விசாரணை வைத்தார். கடிதம் சங்க வளாகத்துக்குள் போயிருக்கிறது, உள்ளே இருந்த ஒன்று அதை வாங்கிக்கொண்டிருக்கிறது, திருப்பித் தரவில்லை. ஆகவே ஏற்றுக்கொள்ளப்பட்டது என்று முத்துசுப்பிரமணியன் வாதாடினார். எருமையைச் சங்கத்தின் அலுவலராகக் கருத முடியாது என்றார் பாக்கியசீலன். வக்கீல் விடவில்லை. சீல் வைத்த நாளிலிருந்து தலைவர் இல்லை, செயலாளர் இல்லை, தொடர்ந்து வளாகத்தில் இருப்பது எருமை ஒன்றுதான். ஒரு நாள்கூட விடுப்பு எடுக்கவில்லை, யாரிடமும் சண்டை போடவில்லை. அதைவிடத் தகுதியான நிர்வாகியை அந்தச் சங்கம் இதுவரை கண்டதுண்டா என்று கேட்டார்.

பாக்கியசீலன் நேர்மையாக யோசித்துப் பார்த்து, கண்டதில்லை என்று ஒப்புக்கொண்டார். ஆனாலும் எருமை கடிதத்தை இன்னும் அசைபோட வாய்ப்பு இருப்பதால், ஏற்பு முழுமை பெற்றதாகச் சொல்ல முடியாது என்று தீர்ப்பை ஒத்தி வைத்தார். ஆக, பிச்சைக்கண்ணு அன்று உறுப்பினரும் இல்லை, உறுப்பினர் அல்லாதவரும் இல்லை. வீட்டுக்கு வந்து மனைவியிடம் அதைச் சொன்னார். கஞ்சி குடிக்கிற ஆள்தானா, அதையாவது சொல்லும் என்று அவள் கிண்ணத்தை வைத்தாள்.

அடுத்த வாரம் ஒரு காலையில் செண்பகத்துக்கு வலி எடுத்தது. கூடத்தின் மூலையில் போய் நின்று, படுத்து, எழுந்து, மறுபடி படுத்தது. ஆவுடைத்தாய் ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு அதன் பெயரைச் சொல்லிச் சொல்லிப் பேசினாள். அவள் கைக்கு எட்டாத தூரத்தில் அது கிடந்தது. பிச்சைக்கண்ணு பாக்கியசீலனுக்கும் வக்கீலுக்கும் போன் போட்டார்.

அவர் எதிர்பாராதபடி இரண்டு பேருமே புறப்பட்டு வந்தார்கள். கன்று பிறந்தால் பால் வரும்; பால் வந்தால் அலுவல்; அலுவல் வந்தால் அதிகாரம் தனக்கு என்று பாக்கியசீலன் ஜீப்பில் வேகமாக வந்து இறங்கினார். அதற்குள் வக்கீல் மறு ஆய்வு மனு ஒன்று போட்டு, கோர்ட் உத்தரவை நிறைவேற்றுகிற ஊழியரான அமீனாவோடு ஆட்டோவில் வந்து சேர்ந்தார். இதுவரை எனக்கு அதிகாரம் இல்லை என்று சொன்ன துறையும் கோர்ட்டும், இப்போது எனக்குத்தான் அதிகாரம் என்று வாசலில் நின்றன.

“சீலை நான்தான் வச்சேன், நான்தான் பிரிப்பேன்,” என்றார் பாக்கியசீலன்.

கோர்ட்டில் மனு இருக்கையில் அவர் கை வைத்தால் அவமதிப்பு என்றார் வக்கீல். அமீனா கை வைத்தால் அரசு முத்திரையைச் சேதப்படுத்திய குற்றம் என்றார் பாக்கியசீலன். அமீனா தன் இரண்டு கைகளையும் பின்னால் கட்டிக்கொண்டார். மாரிராஜும் ஜெபஸ்டினும் வந்து சேர்ந்து, கதவைத் திறந்தால் யார் முதலில் உள்ளே நுழைவது என்று தனியாக ஒன்று ஆரம்பித்தார்கள்.

பிச்சைக்கண்ணு நடுவில் போய்க் கையெடுத்துக் கும்பிட்டார். “யாராவது ஒரு ஆளு தெறங்க சார். யாருன்னாலும் சரி.”

அந்தக் கோரிக்கை எந்தச் சட்டப் பிரிவின் கீழ் வருகிறது என்று இரண்டு பேரும் ஒரே சமயத்தில் கேட்டார்கள். அன்று அவர்கள் ஒத்துப்போனது அதில் மட்டும்தான்.

ஆவுடைத்தாய் ஜன்னலை விட்டு விலகி வந்தாள். வாசலில் நின்றவர்களை ஒரு பார்வை பார்த்தாள். நேரே போய், கொத்தனார் வேலை பார்க்கிற தன் தம்பியைக் கடப்பாரையும் சம்மட்டியுமாகக் கூட்டிக்கொண்டு சங்கத்தின் பின்பக்கம் போனாள். கொஞ்ச நேரத்தில் பின்சுவரில் அடி விழுகிற சத்தம் கேட்டது.

வாசலில் விவாதம் அப்போதுதான் சூடு பிடித்திருந்தது. ‘தொடுதல்’ என்ற சொல்லுக்குப் பாக்கியசீலன் விளக்கம் சொல்லிக்கொண்டிருந்தார். சத்தத்தில் அவர் குரல் எடுபடவில்லை. எரிச்சலோடு பிச்சைக்கண்ணுவைக் கூப்பிட்டார்.

“பின்னால என்னமோ கட்டட வேலை நடக்கு போலுக்கு. கொஞ்சம் பைய அடிக்கச் சொல்லுங்க.”

பிச்சைக்கண்ணு பின்பக்கம் ஓடினார். சுவரில் ஏற்கெனவே ஆள் புகுகிற அளவுக்கு ஓட்டை விழுந்திருந்தது. ஆவுடைத்தாய் உள்ளே செண்பகத்தின் பக்கத்தில் முழங்கால் போட்டு உட்கார்ந்திருந்தாள். கன்றின் முன்னங்கால்கள் வெளியே வந்திருந்தன.

“ஏட்டி, பைய அடிக்கச் சொல்லுதாவ,” என்றார்.

“அவியள பையப் பேசச் சொல்லும். நீரு வந்து காலைப் பிடியும்.”

அவர் கடிதங்களையும் மனு நகல்களையும் வைத்திருந்த மஞ்சள் பையை ஓரமாக வைத்துவிட்டு உள்ளே நுழைந்தார். இருவருமாகப் பதமாக இழுத்தார்கள். கிடேரிக் கன்று. செண்பகம் அதை நக்கி நக்கி எழுப்பிவிட்டது. கன்று நாலு தடவை விழுந்து ஐந்தாவது தடவை நின்றதும், மைத்துனன் ஓட்டையை இன்னும் அகலமாக இடித்துக் கொடுத்தான். தாயும் பிள்ளையும் வெளியே வந்து, வாழைத்தோட்டத்து வரப்பு வழியாக வீட்டுக்குப் போயின. பிச்சைக்கண்ணு கன்றைத் தோளில் தூக்கிக்கொண்டார். சட்டை முழுக்க ஈரம். தேய்த்த சட்டை. அவர் அதைக் கவனிக்கவே இல்லை.

வாசலில் மாலை வரை விவாதம் நடந்தது. கடைசியில், அதிகாரம் யாருக்கு என்று முடிவாகும்வரை இருப்பது இருக்கிறபடியே இருக்க வேண்டும் என்று இரு தரப்பும் ஒப்புக்கொண்டு, சீலைப் பரிசோதித்து, அது சேதமில்லாமல் இருப்பதைப் பதிவு செய்து, கையெழுத்துப் போட்டுக் கலைந்தார்கள்.

பிச்சைக்கண்ணு உண்மையை மறைக்க நினைக்கவில்லை. மறுநாளே பாக்கியசீலனிடம் போய், எருமை வீட்டில் நிற்கிறது என்று சொல்லிவிட்டார். பாக்கியசீலன் பொறுமையாக விளக்கினார்: சீல் அப்படியே இருக்கிறது, சீல் அப்படியே இருந்தால் உள்ளே இருந்தது உள்ளேயே இருக்கிறது என்று பொருள், வீட்டில் நிற்பது வேறு எருமையாக இருக்கலாம். வக்கீலிடம் சொன்னபோது அவர் எழுந்து அறைக்கதவைச் சாத்திவிட்டு வந்தார். எருமை வெளியே வந்துவிட்டால் கேள்வி செத்துவிடும், வாயைத் திறக்க வேண்டாம் என்று கெஞ்சாத குறையாகச் சொன்னார். வழக்கு மேல் நீதிமன்றத்துக்குப் போயிருந்தது.

ஊரில் இதற்கிடையில் ஒரு மாற்றம். பின்சுவர் ஓட்டை வழியாகச் சாணியை அள்ளிக் கூடத்தைக் கழுவிவிட்டு, எல்லோரும் பழையபடி அங்கேயே பால் ஊற்றத் தொடங்கினார்கள். ஆவுடைத்தாய்தான் அளந்தாள். தலைவர் இல்லை, கூட்டம் இல்லை, பொன்னாடை இல்லை. வேன் நேரத்துக்கு வந்தது, நேரத்துக்குப் போனது. சட்டப்படி சங்கம் மூடிக் கிடந்த அந்தக் காலத்தில்தான் அது ஒழுங்காக நடந்தது என்று ஊரில் இன்றும் சொல்கிறார்கள். மேற்பார்வைக்கு வரும் பாக்கியசீலன் வாசலோடு சீலைப் பார்த்துவிட்டு, உள்ளே சத்தமில்லாததால் ‘எருமை அமைதியாக உள்ளது’ என்று எழுதிவிட்டுப் போவார்.

கடைசியில் மேல் நீதிமன்றம் ஆணையிட்டது. அதிகார வரம்புக் கேள்வியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம், முதலில் எருமையை அதே நாள் மாலைக்குள் பிரதான வாசல் வழியாக விடுவித்து அறிக்கை தர வேண்டும், தவறினால் துணைப் பதிவாளர் நேரில் வந்து நிற்க வேண்டும் என்று அதில் இருந்தது.

பாக்கியசீலன் கையில் ஆணையோடும் முகத்தில் வியர்வையோடும் பிச்சைக்கண்ணு வீட்டுக்கு வந்தார். கூடவே வக்கீலும் வந்தார். அன்று வரை வேறு எருமையாக இருந்தது அன்று செண்பகமாகிவிட்டது.

“அண்ணாச்சி, ஒரு உதவி,” என்றார் பாக்கியசீலன். பிச்சைக்கண்ணுவை அவர் அண்ணாச்சி என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. “பின்பக்கமா உள்ள கூட்டிட்டுப் போயி, முன்பக்கமா ஒரே ஒரு தடவை வெளிய கொண்டாந்திருங்க. நான் போட்டோ எடுத்துக்கிடுதேன்.”

முடியாது என்று சொல்லப் பிச்சைக்கண்ணுவுக்கு மனம் வரவில்லை. அந்த மனுஷன் ஆணையை மடிப்பதும் விரிப்பதுமாக நிற்பதைப் பார்த்தால் பாவமாக இருந்தது. கோர்ட் படிக்கட்டில் தானும் இப்படித்தான் வழி தெரியாமல் உட்கார்ந்திருந்தது அவருக்கு நினைவு வந்தது. ஆனால் செண்பகம் அப்போது வீட்டில் இல்லை. ஆற்றில் கிடந்தது.

எல்லோரும் ஆற்றங்கரைக்குப் போனார்கள். கரையை ஒட்டிய ஒற்றைத் தடத்தில் ஜீப்பும் பின்னாலேயே வந்தது. செண்பகம் நடு ஆற்றில் மூக்கும் கொம்பும் மட்டும் தெரியக் கிடந்தது. கன்று கரையோரத் தண்ணீரில் நின்றது. பிச்சைக்கண்ணு கூப்பிட்டுப் பார்த்தார். அது காதை ஒரு தடவை ஆட்டியது. பாக்கியசீலன் பேன்ட்டை முழங்கால்வரை சுருட்டிக்கொண்டு தண்ணீரில் இறங்கி, ஆணையை முழுக்கச் சத்தமாக வாசித்தார். செண்பகம் கண்ணை மூடிக்கொண்டது.

“ஆறு உம்ம துறைக்குள்ள வராதே வே,” என்றார் கரையில் நின்ற வக்கீல். “தண்ணிக்குள்ள நிக்கறவரை அது வேற இலாகா.”

பாக்கியசீலன் முகத்தில் ஒரு கணம் பழைய தெளிவு வந்தது. உடனே போய்விட்டது. தண்ணீரில் நின்றபடியே பிச்சைக்கண்ணுவைப் பார்த்து, இப்போது என்ன செய்வது என்று கேட்டார். இத்தனை விசாரணையிலும் பிச்சைக்கண்ணுவிடம் யாரும் அதைக் கேட்டதில்லை.

“வெயில் தாழட்டும் சார். அவளே எந்திரிச்சு வீட்டுக்கு வருவா. யாரும் ஒண்ணும் செய்ய வேண்டாம்.”

வெயில் தாழ்ந்தது, ஆணையில் சொன்ன கெடுவும் அதோடு முடிந்தது. செண்பகம் எழுந்தது, உடம்பிலிருந்து தண்ணீர் கொட்டக் கொட்டக் கரையேறியது, கன்றை ஒரு நக்கு நக்கிவிட்டு ஒற்றைத் தடத்தில் வீட்டைப் பார்த்து நடந்தது. எதிரே கூட்டுறவுத் துறையின் ஜீப் தடத்தை அடைத்து நின்றது. டிரைவர் ஹாரன் அடித்தார். செண்பகம் நின்று அசைபோட்டது. மறுபடி அடித்தார். அது பம்பரில் தலையைச் சொறிந்துகொண்டது.

நனைந்த பேன்ட்டோடு ஓடிவந்த பாக்கியசீலன் ஜீப்பையும் எருமையையும் மாறி மாறிப் பார்த்தார். எந்தப் பிரிவு என்று கேட்கவில்லை. யாருடைய அதிகாரம் என்று கேட்கவில்லை. முன் சீட்டில் ஏறி உட்கார்ந்து, டிரைவரிடம் ரிவர்ஸ் போடச் சொன்னார்.

ஊர் எல்லை வரை ஜீப் பின்னோக்கியே போனது. செண்பகம் முன்னால் நடந்து வந்தது.